மேடையும் அடுக்களையும்: ஹற்றி மக்டானியலின் கலை வாழ்வு

ஒரு நாட்டின் திரைப்பட வரலாற்றை எழுதப் புகுவோர் பெரும்பாலும் நாயக நாயகியரின் வரலாற்றையே எழுதி முடித்துவிடுகின்றனர். குணசித்திர நடிகர் எனப்படுவோருக்கு அவ்வரலாற்றிலே கிடைப்பது ஓரிரு வரிகளே. தாயாக, பாட்டியாக, அண்டை வீட்டாளாக, வேலைக்காரியாக எண்ணற்ற படங்களிலே தோன்றிக் கதையைத் தாங்கி நிறுத்திவிட்டு, அது உச்சத்தை அடையும் வேளையில் ஒதுங்கிக் கொள்பவர் அவர். ஆயின், ஒரு சமுதாயம் தன் மக்களை எவ்வாறு வகுத்து வைத்திருக்கிறது என்பதை அறிய விரும்புவோர் நாயகியின் முகத்தை மட்டும் பார்த்தல் போதாது. அவளுக்குப் பின்னால் நின்று கூந்தலை வாரிவிடுபவளின் முகத்தையும் பார்த்தல் வேண்டும். யார் நாயகியாகலாம், யார் ஆகலாகாது என்பதைக் கலைத்திறன் மட்டும் தீர்மானிப்பதில்லை.

தமிழிலக்கியம் கற்றவர்க்கு இவ்வுண்மை புதிதன்று. அகத்திணை மரபிலே செவிலிக்குக் கூற்று உண்டு. தலைவியின் துயரை எண்ணி அவள் இரங்குவாள்; உடன்போக்குச் சென்றவளைத் தேடிச் சுரத்திலே நடப்பாள். ஆனால் அவளுக்கெனக் காதலோ பிரிவோ பாடப்படுவதில்லை. அடியோரும் வினைவலரும் அன்பின் ஐந்திணைக்குத் தலைமக்களாகார், கைக்கிளையும் பெருந்திணையுமே அவர்க்குரியன என்று உரையாசிரியர் வரம்பு கட்டினர். இருபதாம் நூற்றாண்டிலே, யந்திரங்களாலும் வங்கிப் பணத்தாலும் இயங்கிய ஹொலிவூட்டும் ஏறத்தாழ இதே வரம்பைக் கட்டியது. அவ்வரம்புக்குள்ளே நின்று ஏறத்தாழ இருபதாண்டு நடித்து, ஒஸ்கார் பரிசு பெற்ற முதற் கறுப்பினக் கலைஞராகிய ஹற்றி மக்டானியலின் வாழ்வை இக்கட்டுரையில் நோக்க முற்படுகின்றோம்.

ஹற்றி 1893 ஆம் ஆண்டு ஜூன் மாதம் 10 ஆந் திகதி கன்சாஸ் மாநிலத்து விச்சிற்றா நகரிலே பிறந்தார். பதின்மூன்று பிள்ளைகளுள் அவரே கடைக்குட்டி. தந்தை ஹென்றி அடிமையாகப் பிறந்தவர்; உள்நாட்டுப் போரிலே வட மாநிலங்களின் பக்கம் நின்று போராடிய கறுப்பினப் படைவீரர். தாய் சூசன் தேவாலயப் பாடகி. பிறர் வீடுகளில் வேலை செய்தவர். அடிமை முறை சட்டத்தால் ஒழிக்கப்பட்டது 1865 இல். அதற்குப் பின் மூன்று தசாப்தங்கூட நிறையாத காலத்திலே பிறந்த இப்பெண்ணுக்கு அடிமை வாழ்வென்பது பாடநூற் செய்தியன்று. வீட்டிலே தந்தையின் வாயாற் கேட்ட செய்தி. பின்னாளிலே திரையில் அவர் நடித்துக் காட்டிய அடிமைப் பெண்ணை அவர் யாரிடமிருந்து அறிந்திருப்பார் என்பதை நாம் நினைவில் வைத்தல் வேண்டும்.

குடும்பம் கொலராடோ மாநிலத்துக்குக் குடிபெயர்ந்து டென்வர் நகரில் வாழத் தொடங்கியது. பாடசாலை நாட்களிலேயே ஹற்றி பாடவும் நடிக்கவும் வல்லவரானார். 1910 இல் மதுவிலக்குச் சங்கப் பெண்கள் நடத்திய செய்யுள் ஒப்புவித்தற் போட்டியிலே பதக்கம் பெற்றார். அதன்பின் படிப்பை நிறுத்திவிட்டு அண்ணன் ஒற்றிஸ் நடத்திய நாடகக் குழுவோடு ஊரூராகச் சென்றார். 1914 இல் சகோதரியோடு சேர்ந்து பெண்கள் மட்டுமே பங்குகொண்ட குழுவொன்றையும் நடத்தினார். அண்ணன் 1916 இல் இறந்தமை குடும்பத்துக் கலைத்தொழிலுக்குப் பேரிடியாயிற்று. 1920 முதல் 1925 வரை ஜோர்ஜ் மொறிசனின் இசைக்குழுவிலே பாடினார். டென்வர் வானொலியிலே அவர் குரல் ஒலித்தது. 1926 க்கும் 1929 க்கும் இடையில் இசைத்தட்டுக்களுக்குப் பாடினார். அவற்றுட் சிலவற்றை அவரே இயற்றினார். திரையிலே அவரைக் கண்டவர்கள் அவர் ஒரு கவிஞர், பாடகி, குழுத்தலைவி என்பதை அறியார். திரை அதனை அறிவிக்க விரும்பவுமில்லை.

1929 இல் நிகழ்ந்த பொருளாதார வீழ்ச்சி மேடைக் கலைஞரை முதலில் தாக்கியது. மில்வோக்கி நகரருகே இரவு விடுதியொன்றிலே ஹற்றிக்குக் கிடைத்தது கழிப்பறைப் பணிப்பெண் வேலை. இசைத்தட்டிலே பாடிய பெண் கைதுடைக்கும் துணியை நீட்டிக்கொண்டு நின்றார். அவ்விடுதியின் மேடையில் வெள்ளையர் மட்டுமே பாடினர். பின்னர் ஓரிரவு பாடும் வாய்ப்புப் பெற்று, கேட்டவரைக் கவர்ந்து, அம்மேடையிலேயே நிலையான இடம் பெற்றார். 1931 இல் அவர் லொஸ் ஏஞ்சல்ஸ் நகருக்குச் சென்றார். அங்கே அண்ணன் சாம் வானொலி நிகழ்ச்சியொன்றிலே பங்கெடுத்து வந்தார். அவர்மூலம் ஹற்றிக்கும் அந்நிகழ்ச்சியில் இடங் கிடைத்தது. அதிலே அவர் ஏற்றது எசமானியிடம் வாயாடும் வேலைக்காரிப் பாத்திரம். நிகழ்ச்சி புகழ் பெற்றது. ஆனால் கிடைத்த ஊதியம் உண்மையாகவே வேலைக்காரியாகப் பணிபுரிவதை விடுவதற்குப் போதவில்லை. வானொலியிலே வேலைக்காரியாக நடித்துவிட்டு, மறுநாட் காலை வேலைக்காரியாகவே வேறொருத்தி வீட்டுத் தரையைத் துடைத்தார். கலைக்கும் வாழ்வுக்கும் இடையே தூரமில்லை என்று விமரிசகர் சிலபோது புகழ்ந்து கூறுவர். இத்தகைய அணுக்கத்தை அவர்கள் கருதியிருக்கமாட்டார்கள்.

ஹற்றி நுழைந்த ஹொலிவூட் எத்தகையது? 1915 இல் கிறிஃபித் எடுத்த ‘ஒரு தேசத்தின் பிறப்பு’ என்னும் படத்திலே முக்கியமான கறுப்பினப் பாத்திரங்களை முகத்திற் கரி பூசிய வெள்ளையரே நடித்தனர். அப்படம் வெள்ளை வெறியரின் முகமூடிப் படையாகிய கூ க்ளக்ஸ் கிளானை வீரர் கூட்டமாகச் சித்திரித்தது. அதன் பின்னர் கறுப்பினத்தவர் திரையிலே தாமே தோன்ற இடமளிக்கப்பட்டது உண்மை. ஆனால் எந்த இடம்? தென் மாநிலங்களிலே படமாளிகை நடத்துவோர் கறுப்பினத்தவரை வெள்ளையருக்குச் சமமாகக் காட்டும் படத்தை ஏற்கமாட்டார் என்ற அச்சம் முதலாளிமாரிடம் இருந்தது. 1934 முதல் இறுக்கமாகச் செயற்படுத்தப்பட்ட தணிக்கை விதித் தொகுப்பு, வெள்ளையருக்கும் கறுப்பினத்தவருக்கும் இடையிலான காதலைத் திரையிற் காட்டுவதை வெளிப்படையாகவே தடைசெய்தது. சந்தை ஒருபுறமும் விதி மறுபுறமுமாக நெருக்க, எஞ்சிய இடம் அடுக்களை, வாகனத்தின் முன்னாசனம், புகையிரதத்தின் சுமைதூக்கும் மேடை ஆகியவையே. ஒஸ்கார் மிஷோ போன்றோர் கறுப்பின மக்களுக்கெனத் தனிப் படங்களைச் சிறு முதலிலே எடுத்து வந்தனர். அவை தனி அரங்குகளுக்குள்ளேயே பெரும்பாலும் நின்றன.

1932 இல் ‘பொன் மேற்கு’ என்ற படத்திலே ஹற்றி முதன்முதல் தோன்றினார். அடுத்த ஆண்டு மே வெஸ்ற் நடித்த படத்திலே அவருடைய பணிப்பெண்களுள் ஒருவரானார். 1934 இல் ஜோன் ஃபோர்ட் இயக்கிய ‘நீதிபதி பிறீஸ்ற்’ அவர் குரலையும் நகைச்சுவையையும் வெளிக்கொணர்ந்தது. மொத்தமாக முந்நூறு படங்கள்வரை அவர் தோன்றியதாகக் கூறுவர். அவற்றுள் அவர் பெயர் திரையிற் காட்டப்பட்டவை எண்பதைச் சற்றே கடந்தவைதாம். ஏனையவற்றில் அவர் ஓர் உருவம், ஒரு குரல், ஒரு வெள்ளை முன்றானைத் துணி, அவ்வளவே.

எனினும் இக்குறுகிய இடத்துக்குள்ளேயே அவர் செய்தது யாது என்பதை ஓர் உதாரணத்தாற் காட்டலாம். 1935 இல் வெளிவந்த ‘அலிஸ் அடம்ஸ்’ நடுத்தரக் குடும்பத்துப் பெண்ணொருத்தியின் கதை. செல்வந்த இளைஞன் ஒருவனை விருந்துக்கு அழைக்கும் அக்குடும்பம், தாங்களும் வசதியுள்ளவர் என்று காட்டுவதற்காக ஒரு மாலைப்பொழுதுக்கு மட்டும் வேலைக்காரி ஒருத்தியைக் கூலிக்கு அமர்த்துகிறது. அவளே மலீனா. புழுக்கம் தாங்க முடியாத அவ்விரவிலே சூடான கனத்த உணவுகளை அவள் ஒன்றன்பின் ஒன்றாகக் கொணர்கிறாள். அவளது தலையணி சரிகிறது, அவள் பொருட்படுத்துவதில்லை. எசமானியம்மாவின் கண்சாடைகள் அவளை எட்டுவதில்லை. அவள் எதிர்த்து ஒரு வார்த்தை பேசுவதில்லை. அவர்களுடைய பாசாங்கிலே பங்குகொள்ளாமல் இருக்கிறாள், அவ்வளவே. அந்த அலட்சியம் ஒன்றினாலே அவ்வீட்டுப் போலிக் கௌரவம் முழுவதும் இடிந்து விழுகிறது. கதரின் ஹெப்பேர்ன் நாயகியாக நடித்த அப்படத்திலே பார்ப்போர் மனத்தில் நிலைத்துவிட்ட காட்சி இதுவே. எழுத்தாளன் வேலைக்காரியை நகைப்புக்குரியவளாக எழுதினான். நடிகை வீட்டாரை நகைப்புக்குரியவராக்கினார். குணசித்திர நடிப்பின் ஆற்றல் இங்கேதான் இருக்கிறது எனலாம்.

1936 இல் ‘ஷோ போட்’ படத்திலே போல் றோப்சனின் மனைவியாக நடித்தார். கறுப்பினக் கணவனும் மனைவியும் தமக்குள்ளே பேசி, சீண்டி, பாடும் காட்சியொன்று அதிலே உண்டு. வேலைக்காரர்க்கும் ஒரு குடும்பம் உண்டென்பதை ஹொலிவூட் நினைவுகூர்ந்த அரிய தருணங்களுள் அது ஒன்று.

இனி, அவருக்குப் புகழும் பழியும் ஒருங்கே தந்த படத்துக்கு வருவோம். மார்கிரற் மிற்செல் எழுதி 1936 இல் வெளிவந்த ‘காற்றோடு போயிற்று’ நாவல், அடிமைகளை உடைமையாகக் கொண்ட தென்னாட்டுப் பண்ணையார் வாழ்வை இழந்த பொற்காலமாகப் புனைந்தது. அதிலே வரும் மமி, நாயகி ஸ்காலெற்றை வளர்த்த அடிமைப் பெண். எசமானரின் குடும்பமே தன் குடும்பமென வாழ்பவள். ‘விசுவாசமுள்ள மமி’ என்ற இவ்வுருவம் வெறுங் கற்பனையாக மட்டும் இருந்ததில்லை. அதற்கு அரசியற் பயனொன்று இருந்தது. 1922 இன் இறுதியிலே, கறுப்பினத்தவரைக் கும்பலாகச் சேர்ந்து கொல்வதைத் தடுக்கும் மசோதாவைத் தென் மாநில செனற்றர்கள் பேசிப் பேசியே சாகடித்தனர். சில வாரங்களுக்குள், 1923 இன் தொடக்கத்திலே, தலைநகரில் மமிக்கு நினைவுச்சின்னம் எழுப்பும் மசோதாவை அதே செனற் சபை நிறைவேற்றியது. கறுப்பின மக்களின் கடும் எதிர்ப்பினாலேயே அச்சின்னம் எழாமற் போயிற்று. உயிரோடிருப்பவர்க்குப் பாதுகாப்பு இல்லை. கற்பனை அடிமைக்குச் சிலை உண்டு! அடிமைகள் அன்போடு வாழ்ந்தனரெனில் அடிமை முறை கொடியதன்று. அது கொடியதன்றெனில் இன்றைய ஒதுக்கலும் கொடியதன்று. இந்தத் தருக்கத்தின் அச்சாணி மமி. திரைப்படம் எடுக்கப்படுவதற்கு முன்னரே கறுப்பின அமைப்புக்கள் கவலை கொண்டமைக்குக் காரணம் இதுவே.

கறுப்பின முன்னேற்றத்துக்கான தேசிய சங்கத்தின் செயலாளர் வோல்ட்டர் வைட் 1938 இல் தயாரிப்பாளர் டேவிட் செல்ஸ்னிக்கோடு கடிதத் தொடர்பு கொண்டார். கறுப்பின மக்களை இழித்துரைக்கும் வசைச்சொல் கதையுரையிலிருந்து நீக்கப்பட்டது. கிளானின் பெயரும் நீக்கப்பட்டது. படத்தின் அடிப்படை நோக்கு மாறவில்லை. மமியாக நடிப்பதற்குப் போட்டி கடுமையாக இருந்தது. ஜனாதிபதி றூஸ்வெல்ற்றின் மனைவியார் தம் வீட்டுப் பணிப்பெண்ணுக்கு அவ்வேடத்தைக் கொடுக்குமாறு தயாரிப்பாளருக்கு எழுதினார். இருபதாண்டுக்கு மேலாக மேடையிலும் வானொலியிலும் திரையிலும் பயின்ற நடிகையோடு, உண்மையான பணிப்பெண் ஒருவர் போட்டியிடத் தக்கவர் எனக் கருதப்பட்டமையே, அவ்வகை நடிப்பை உலகம் நடிப்பாக மதிக்கவில்லை என்பதற்குச் சான்று. ஹற்றி பணிப்பெண் உடையோடு தேர்வுக்குச் சென்று வேடத்தைப் பெற்றார்.

படத்தின் பிற்பகுதியிலே ஒரு காட்சி. குழந்தை பொனி குதிரையிலிருந்து விழுந்து இறந்துவிடுகிறாள். தந்தை குழந்தையின் உடலோடு அறையைப் பூட்டிக்கொண்டிருக்கிறான். உதவிக்கு வந்த மெலனியை மமி மாடிப்படி வழியே அழைத்துச் செல்கிறாள். படிகளில் ஏறியவாறே, விம்மியவாறே, வீட்டிலே நடந்ததையெல்லாம் சொல்கிறாள். நாயகனும் நாயகியும் அக்காட்சியில் இல்லை. ஒரு குடும்பம் உடைவதை நாம் வேலைக்காரியின் வாயாலேயே அறிகிறோம். பண்டைய கிரேக்க நாடகங்களிலே கொடிய நிகழ்ச்சிகளைத் தூதுவன் வந்துரைப்பது போல, துயரத்தைச் சுமந்து வந்து நம் முன் இறக்கி வைக்கிறாள் அவள். ஏறத்தாழ நான்கு மணி நேரம் ஓடும் அப்படத்தின் உணர்ச்சி உச்சங்களுள் ஒன்று அதுவே. மெலனியாக நடித்த ஒலிவியா டி ஹவிலண்டும் அதே துணைநடிகைப் பரிசுக்கு நியமிக்கப்பட்டிருந்தார். பரிசு அவருக்குச் செல்லவில்லை.

படம் 1939 ஆம் ஆண்டு டிசம்பர் மாதம் 15 ஆந் திகதி ஜோர்ஜியா மாநிலத்து அற்லாண்டா நகரிலே முதன்முதற் காட்டப்பட்டது. நகரம் திருவிழாக் கோலம் பூண்டது. முந்திய நாள் இரவு நடந்த விருந்து நடனத்திலே, அடிமைகளின் உடை அணிந்த கறுப்பினத் தேவாலயப் பாடகர் குழு வெள்ளைச் சீமான்களுக்கு முன் பாடிற்று. அக்குழுவிலே பத்து வயதுச் சிறுவன் ஒருவன் இருந்தான். அவன் பெயர் மார்ட்டின் லூதர் கிங். விருந்துக்கு வெள்ளை நடிகர்கள் வந்தனர். ஹற்றி வரவில்லை. அம்மாநிலத்து ஒதுக்கற் சட்டங்களின்படி அவர் தம் சகநடிகரோடு அரங்கிலே ஒன்றாக அமர முடியாது; ஒரே விடுதியில் தங்கவும் முடியாது. தென் மாநிலங்களில் விநியோகிக்கப்பட்ட நினைவு மலரிலிருந்து அவருடைய படமும் நீக்கப்பட்டது. சினங்கொண்ட கிளாக் கேபிள் தாமும் செல்வதில்லை என்று கூறியதாகவும், ஹற்றியே அவரைச் சமாதானப்படுத்தி அனுப்பியதாகவும் சொல்வர். பண்ணையில் மமி இன்றியமையாதவள் என்று மூன்று மணி நேரத்துக்கு மேலாகக் கூறிய படத்தின் விழாவிலே மமிக்கு இடமில்லாமற் போயிற்று.

1940 ஆம் ஆண்டு பெப்ரவரி மாதம் 29 ஆந் திகதி இரவு லொஸ் ஏஞ்சல்ஸ் அம்பாசடர் விடுதியிலே ஒஸ்கார் பரிசளிப்பு நடைபெற்றது. அது தென் மாநிலமன்று. ஆயினும் அவ்விடுதி கறுப்பினத்தவரை விருந்தினராக ஏற்பதில்லை. செல்ஸ்னிக் தனியே வேண்டிக்கொண்டபின்பே ஹற்றி உள்ளே விடப்பட்டார். படக்குழுவினர் ஒரு மேசையிலே அமர்ந்திருந்தனர். ஹற்றிக்கும் அவருடன் வந்தவருக்கும் சுவரோரமாக வேறொரு சிறு மேசை போடப்பட்டிருந்தது. தனி மேசை, தனி இருக்கை, தனிக் குவளை என்பவற்றின் பொருளை நம்மவர்க்கு விரித்துரைக்க வேண்டியதில்லை. அம்மேசையிலிருந்து எழுந்து, அரங்கின் நீளத்தைக் கடந்து மேடைக்குச் சென்று அவர் பரிசைப் பெற்றார். தம் இனத்துக்கும் திரைத் தொழிலுக்கும் என்றும் பெருமை சேர்ப்பவராய் இருக்க விரும்புவதாகக் கூறி, உணர்ச்சி மேலிட அழுதார். பின்பு சுவரோர மேசைக்குத் திரும்பினார். துணைநடிகர்க்கு அக்காலத்திலே முழுச் சிலை கொடுப்பதில்லை. சிறு உருவம் பதித்த தகடு ஒன்றே வழங்கப்பட்டது. பரிசிலும் ஒரு படிநிலை இருந்தது.

இப்பரிசினால் அவருக்குப் புதிய வாயில் திறந்ததா? 1942 இல் ஜோன் ஹியூஸ்ரன் இயக்கிய ‘நம் இவ்வாழ்விலே’ என்ற படத்தில் மட்டும், செய்யாத குற்றத்துக்காகச் சிறையிடப்பட்ட இளைஞனின் தாயாக, நகைப்புக்கு இடமின்றி நடித்தார். வழக்கறிஞனாக விரும்பிக் கற்கும் கறுப்பின இளைஞனைத் திரை அன்று காட்டியதே அரிது. மற்றபடி மீண்டும் அடுக்களையே. பரிசு பெற்றது மமி. ஆகவே மமியையே மேலும் மேலும் கேட்டார்கள்.

இக்காலத்திலேதான் கறுப்பின மக்களிடையே விவாதம் மூண்டது. பாசிச எதிர்ப்புப் போரிலே கறுப்பின இளைஞர் உயிர் கொடுக்கையில், திரையிலே அவர்தம் தாய்மார் கோமாளிகளாகக் காட்டப்படுவதை ஏற்க முடியாதென்று வோல்ட்டர் வைட் 1942 இல் ஹொலிவூட் முதலாளிகளை நேரிற் கண்டு வாதிட்டார். அதே காலத்திலே லீனா ஹோர்ண் புதுவகைக் கறுப்பின நடிகையாக அறிமுகமானார். பழைய நடிகர் பலர் தம் பிழைப்புப் போய்விடுமோ என அஞ்சி ஹோர்ண் மீது சினங் கொண்டனர். ஹற்றியோ அவரைத் தம் வீட்டுக்கு அழைத்து ஆறுதல் கூறினார் என்று ஹோர்ண் பின்னாளில் நன்றியோடு நினைவுகூர்ந்தார். தம்மைக் குறைகூறியவர்க்கு ஹற்றி கூறியதாக வழங்கும் விடை புகழ்பெற்றது: வேலைக்காரியாக இருந்து வாரத்துக்கு 7 டொலர் பெறுவதிலும், வேலைக்காரியாக நடித்து 700 டொலர் பெறுவது மேல் என்பது அதன் பொருள்.

இவ்விடையை நாம் எவ்வாறு மதிப்பிடுவது? அதிலே ஓர் உண்மையும் ஒரு தவறும் உள. ஏழு டொலர் வாழ்வை அறியாத படித்த தலைவர்கள், அவ்வாழ்விலிருந்து எழுந்து வந்தவரிடம் வேடத்தைத் துறக்கச் சொல்வது எளிது. துறந்தபின் அவர் எங்கே போவார் என்பதற்கு அவர்களிடம் விடை இருக்கவில்லை. வைட் முதலாளிமாரோடு பேசினார்; நடிகர்களைக் கலந்தாலோசிக்கவில்லை. தொழிலாளியின் தலைக்கு மேலாக முதலாளியோடு பேசும் சீர்திருத்தத்தின் குறைபாடு இது. ஆனால் எழுநூறு டொலர் யாருக்குக் கிடைத்தது? ஒருவருக்கு. அப்படத்தைக் கண்டு ‘இவர்கள் இப்படித்தான்’ என்று நம்பிய எசமானியரின் கீழ் ஏழு டொலருக்கு வேலை செய்தவர் எத்தனை பேர்? அவர்களுக்கு அவ்விடையிலே பங்கில்லை. 1946 இல் டிஸ்னி எடுத்த ‘தெற்கின் பாடல்’ போன்ற படங்களிலும் அவர் நடித்தார். சங்கம் அதனைக் கண்டித்தமை நியாயமே. கலைஞரின் நெருக்கடியை உணர்ந்து கொள்வது வேறு. அவர் நடித்த பொய்யை மெய்யென்று கொள்வது வேறு. படிமத்தைக் குறித்து விமரிசகர் கூறியது சரி. ஆயினும் குற்றவாளிக் கூண்டிலே முதலில் நிறுத்தப்பட வேண்டியவர், வேடத்தை எழுதி, விலை குறித்து, வேறு வேடத்தைத் தர மறுத்தவரேயன்றி, அதனை ஏற்று நடித்தவரல்லர்.

திரையிலே பணிந்தவர் வாழ்விலே பணிந்தவரல்லர் என்பதற்குச் சான்றாக அமைவது வீட்டு வழக்கு. ஹற்றி 1942 இல் லொஸ் ஏஞ்சல்ஸ் நகரின் ‘சுகர் ஹில்’ என்ற மேட்டுப் பகுதியிலே பெரிய வீடொன்றை வாங்கினார். அப்பகுதிக் காணி உறுதிகளிலே, வெள்ளையரல்லாதார்க்கு விற்கலாகாது என்ற நிபந்தனை முன்னரே எழுதப்பட்டிருந்தது. அயலிலுள்ள வெள்ளையர் சிலர் வழக்குத் தொடுத்தனர். ஹற்றியும், நடிகையர் லூயிஸ் பீவர்ஸ், எதெல் வோட்டர்ஸ் உள்ளிட்ட கறுப்பின அயலவரும் ஒன்றுசேர்ந்தனர். லோறன் மில்லர் என்ற வழக்கறிஞர் அவர்களுக்காக வாதாடினார். 1945 டிசம்பரில் நீதிபதி தேர்மண்ட் கிளாக், கறுப்பினத்தவர்க்கும் அரசியலமைப்பின் பதினான்காந் திருத்தம் தரும் பாதுகாப்பை முழுமையாக அளிக்க வேண்டிய காலம் வந்துவிட்டதெனக் கூறி வழக்கைத் தள்ளுபடி செய்தார். மூன்றாண்டுகளின் பின், 1948 இல், இத்தகைய நிபந்தனைகளை நீதிமன்றங்கள் செயற்படுத்தலாகாதென அந்நாட்டு உயர்நீதிமன்றமே தீர்ப்பளித்தது. அவ்வழக்குகளிலும் மில்லர் பங்குகொண்டார். திரையிலே எசமானரின் வீட்டைக் காத்த பெண், நீதிமன்றத்திலே தம் வீட்டையும் தம் மக்களின் வீட்டையும் காத்தார். 1960 களில் அரசாங்கம் பெருந்தெருவொன்றை அப்பகுதியை ஊடறுத்து அமைத்ததும் வரலாறே.

1947 நவம்பரில் ‘பியூலா’ என்னும் வானொலித் தொடரின் தலைமைப் பாத்திரம் அவருக்குக் கிடைத்தது. நாடளாவிய வானொலித் தொடரொன்றிலே தலைமை ஏற்ற முதற் கறுப்பினப் பெண் அவரே. பியூலாவும் வேலைக்காரிதான். அதற்குமுன் அக்கறுப்பின வேலைக்காரிக்குக் குரல் கொடுத்தவர் வெள்ளை ஆண்கள் என்பதை அறிகையில் நகைப்பதா வருந்துவதா என்று தோன்றும். கொச்சையாகச் சிதைத்த பேச்சைத் தாம் பேசமாட்டேன் என்று ஹற்றி ஒப்பந்தத்திலேயே நிபந்தனை விதித்ததாகக் கூறுவர். வேடத்தை மாற்ற முடியாதவர், வேடத்தின் மொழியையாவது மாற்றினார். தொலைக்காட்சித் தொடராக அது வந்தபோது சில பகுதிகளில் நடித்த நிலையிலே நோய்வாய்ப்பட்டார். மார்புப் புற்றுநோயினால் 1952 ஆம் ஆண்டு ஒக்டோபர் மாதம் 26 ஆந் திகதி, திரைத்துறையினருக்கான மருத்துவ விடுதியிலே காலமானார்.

ஹொலிவூட் மயானத்திலே தம்மை அடக்கஞ் செய்ய வேண்டுமென்பது அவர் இறுதி விருப்பம். அம்மயானமும் வெள்ளையருக்கே உரியதென மறுத்துவிட்டது. பிணத்துக்கும் தனி நிலம். ஆயிரக்கணக்கானோர் திரண்ட இறுதி ஊர்வலத்தின்பின் வேறொரு மயானத்திலே அவர் அடக்கஞ் செய்யப்பட்டார். பரிசுத் தகட்டைக் கறுப்பின மக்களின் உயர்கல்வி நிலையமாகிய ஹவார்ட் பல்கலைக் கழகத்துக்கு எழுதிவைத்தார். அது பின்னர் அங்கிருந்து காணாமற் போயிற்று. 1999 இல் ஹொலிவூட் மயானத்தின் புதிய உரிமையாளர் அங்கே அவருக்கு நினைவுக்கல் நாட்டினர். 2006 இல் அமெரிக்க அஞ்சற்றுறை அவர் உருவம் பொறித்த முத்திரையை வெளியிட்டது. 2023 ஒக்டோபரில், காணாமற் போன தகட்டுக்கு ஈடாகப் புதிய தகடொன்று பல்கலைக் கழகத்துக்கு வழங்கப்பட்டது. இறந்தபின் வழங்கும் மரியாதையிலே சமுதாயங்கள் தாராளமானவை.

ஹற்றிக்குப் பின் இன்னொரு கறுப்பினப் பெண், வூபி கோல்ட்பேர்க், நடிப்புக்கான ஒஸ்கார் பரிசைப் பெற 1991 வரை, ஐம்பத்தோராண்டு, செல்ல வேண்டியிருந்தது. தலைமை நடிகைக்கான பரிசு கறுப்பினப் பெண்ணொருவரை அடைந்தது 2002 இலேதான். அவர் ஹலி பெரி. இவ்விடைவெளி முழுவதும் திறமையானவர் பிறக்கவில்லை என்று எவர் கூறுவர்? ஒருவருக்குப் பரிசளித்துவிட்டுக் கதவைச் சாத்திக்கொள்வதும் ஒதுக்கலின் ஒரு முறையே. கதவு திறந்திருந்ததற்கு அப்பரிசே சான்றாகக் காட்டப்படும்.

சில காலத்துக்கு முன் உயர்தர வகுப்பு மாணவரோடு ‘காற்றோடு போயிற்று’ படத்தைப் பார்க்கும் வாய்ப்பு நமக்கு ஏற்பட்டது. போரின் காட்சிகளையும் வண்ணங்களையும் பற்றி மாணவர் பேசிக்கொண்டிருக்கையில், பின்வரிசையிலிருந்த மாணவி ஒருத்தி எழுந்து, “சேர், அந்த மமியின்ர பேர் என்ன?” என்று கேட்டாள். விடை சொல்ல நம்மால் இயலவில்லை. மமி என்பது பெயரன்று. வேலையைக் குறிக்கும் சொல். நாவலிலும் அவளுக்குப் பெயரில்லை, படத்திலும் இல்லை. 2014 இல் வெளியான வேறொரு நாவலாசிரியரின் நூலிலேதான், எழுபத்தெட்டாண்டுக்குப் பின், அவளுக்கு ரூத் என்று பெயரிட்டார்கள்.

அம்மாணவியின் கேள்வி நம்மை நீண்ட நாள் விட்டகலவில்லை. ஒரு கதையிலே யாருக்குப் பெயர் உண்டு, யாருக்கு இல்லை என்று கேட்பதே இலக்கிய விமரிசனத்தின் தொடக்கம் என்று இப்பொழுது தோன்றுகிறது. பெயரில்லாத ஒருத்திக்கு, உலகம் மறக்கவியலாத முகத்தையும் குரலையும் ஹற்றி மக்டானியல் கொடுத்தார். அது அவருடைய கலையின் வெற்றி. அவருக்கு வேறெந்தப் பெயருள்ள பாத்திரத்தையும் அவருடைய நாடு மனமுவந்து கொடுக்கவில்லை. அது அந்நாட்டின் தோல்வி. அவ்வெற்றியைக் காட்டி அத்தோல்வியை மூடிவிடாதிருத்தலே அவருக்கு நாம் செய்யத்தக்க நியாயமாகும்.